நாள் வேலையை அளப்பது யார்? குறைந்தபட்சக் கூலியும் தொழில் புதுமையும்

குறைந்தபட்சக் கூலி பற்றிய விவாதங்கள் பெரும்பாலும் தொகையைச் சுற்றியே நடக்கின்றன. ஒரு நாளைக்கு எத்தனை ரூபாய், எத்தனை ஆண்டுகளுக்கு ஒருமுறை அதை உயர்த்துவது, உயர்த்தினால் வேலைவாய்ப்பு சுருங்குமா என்ற கேள்விகளே சட்டமன்றங்களிலும் நீதிமன்றங்களிலும் பொருளாதார இதழ்களிலும் திரும்பத் திரும்ப எழுகின்றன. ஆனால் கூலி என்பது இரண்டு கூறுகளால் ஆனது. ஒரு நாளுக்கோ ஒரு மணிக்கோ தரப்படும் வீதம் ஒரு கூறு. எவ்வளவு உழைத்தால் அது ஒரு நாள் வேலையாகக் கணக்கில் ஏறும் என்ற அளவை மற்றொரு கூறு. வீதத்தை அரசுகள் நிர்ணயிக்கத் தொடங்கி ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகிவிட்டது. அளவையோ பெரும்பாலும் வேலை கொடுப்பவரின் கையிலேயே தங்கிவிட்டது. தொழில் நடத்தும் முறையில் புகுந்த புதுமைகளுள் கணிசமானவை இந்த அளவையை மாற்றியமைத்தவையே என்பதால், கூலிக் கொள்கையையும் தொழில் புதுமையையும் தனித்தனியே ஆராய்வது இரண்டையும் அரைகுறையாகப் புரிந்துகொள்வதில்தான் முடியும்.

கூலியில் அரசு தலையிடலாம் என்ற எண்ணம் முதலில் சட்ட வடிவம் பெற்றது தென்கடல் நாடுகளில். 1894இல் நியூசிலாந்து தொழில் தகராறுகளைக் கட்டாய நடுவர் தீர்ப்புக்கு உட்படுத்தியது. 1896இல் ஆஸ்திரேலியாவின் விக்டோரியா, வீட்டிலிருந்து தைத்துக் கொடுக்கும் பெண்களின் நிலை பொதுமக்களின் கவனத்துக்கு வந்ததைத் தொடர்ந்து, சில தொழில்களுக்குச் சம்பளச் சபைகளை அமைத்தது. 1907இல் ஆஸ்திரேலியாவின் ஹார்வெஸ்டர் வழக்கில் தீர்ப்பளித்த நீதிபதி ஹிகின்ஸ், தேர்ச்சியற்ற தொழிலாளி ஒருவர் மனைவியோடும் மூன்று குழந்தைகளோடும் நாகரிகமாக வாழ நாளொன்றுக்கு 7 ஷில்லிங் வேண்டும் என்று கணக்கிட்டபோது, சந்தை தருவது எவ்வளவு என்ற கேள்வியின் இடத்தில் குடும்பத்துக்கு வேண்டியது எவ்வளவு என்ற கேள்வி அமர்ந்தது. பிரிட்டன் 1909இல் சங்கிலி செய்தல், லேஸ் வேலை, காகிதப் பெட்டி செய்தல், ஆயத்த ஆடை ஆகிய நான்கு தொழில்களுக்கு மட்டும் சபைகளை ஏற்படுத்தியது. இதற்கான கருத்துத் தளத்தை 1897இலேயே சிட்னி வெப், பியாட்ரிஸ் வெப் தம்பதியர் அமைத்திருந்தனர். தொழிலாளியின் உயிர்வாழ்வுக்குக்கூடப் போதாத கூலி தரும் தொழில், மீதிச் செலவை அவரது குடும்பத்தின் மீதும் சமூகத்தின் மீதும் சுமத்துவதால், அது பிற தொழில்களை ஒட்டி உறிஞ்சி வாழும் தொழில் என்பது அவர்களது வாதம்.

இந்த வரலாற்றில் தமிழர்களுக்கு ஓர் இடம் உண்டு. அது போதிய அளவு பேசப்படுவதில்லை. இந்தியா 1948இல் தனது சட்டத்தை இயற்றுவதற்கு 21 ஆண்டுகளுக்கு முன்பே, 1927இல், இலங்கையின் தோட்டங்களில் வேலை செய்த இந்தியத் தொழிலாளருக்காக, அதாவது பெரும்பாலும் தமிழ் மாவட்டங்களிலிருந்து ஆள் சேர்க்கும் கங்காணிகள் அழைத்துச் சென்ற மக்களுக்காக, குறைந்தபட்சக் கூலிக் கட்டளைச் சட்டம் ஒன்று அங்கே கொண்டுவரப்பட்டது. 1922ஆம் ஆண்டின் இந்தியக் குடிபெயர்வுச் சட்டத்தின் மூலம் இந்திய அரசு கொடுத்த அழுத்தமே இதற்குக் காரணம். ஆசியாவில் கூலிக்குச் சட்டப்படி அடிமட்டம் வைத்த தொடக்ககால முயற்சிகளுள் இது ஒன்று. அடிமட்டம் வைக்கப்பட்ட பிறகும் அந்த மக்களின் வாழ்க்கை ஏன் பெரிதாக மாறவில்லை என்பது இக்கட்டுரையின் மையக் கேள்விக்கு நேரடியாக இட்டுச் செல்லும்.

இந்தியாவில் 1948ஆம் ஆண்டின் குறைந்தபட்சக் கூலிச் சட்டமும், அதே ஆண்டு அமைக்கப்பட்ட நியாயக் கூலி பற்றிய முத்தரப்புக் குழுவும் கலைச்சொற்களை வரையறுத்துத் தந்தன. உயிர்வாழ்வதோடு உழைக்கும் திறனையும் காத்துக்கொள்ளப் போதுமானது குறைந்தபட்சக் கூலி. கல்வி, மருத்துவம், முதுமைக் காப்பு ஆகியவற்றோடு கண்ணியமாக வாழப் போதுமானது வாழ்வூதியம். இவ்விரண்டுக்கும் இடையில், தொழிலின் தாங்கும் திறனைப் பொறுத்து அமைவது நியாயக் கூலி. அரசியலமைப்பின் 43ஆம் பிரிவு வாழ்வூதியத்தை இலக்காக அறிவித்தது. 1957இல் கூடிய 15ஆவது இந்தியத் தொழிலாளர் மாநாடு அடிமட்டத்தைக் கணக்கிடும் முறையை வகுத்தது: உழைப்பவர் ஒருவரைச் சார்ந்து மூன்று நுகர்வு அலகுகள், அலகு ஒன்றுக்கு நாளொன்றுக்கு 2,700 கலோரி உணவு, நால்வர் கொண்ட குடும்பத்துக்கு ஆண்டுக்கு 72 கஜம் துணி, அரசின் தொழிலாளர் வீட்டுவசதித் திட்டத்தை ஒட்டிய வாடகை, எரிபொருள் விளக்கு முதலிய சில்லறைச் செலவுகளுக்கு மொத்தக் கூலியில் 20 சதவீதம். ஒரு நிறுவனத்தின் சென்னைப் பிரிவில் எழுந்த பஞ்சப்படித் தகராறில், ரெப்டாகோஸ் பிரெட் வழக்கு என்று அறியப்படும் 1991ஆம் ஆண்டுத் தீர்ப்பில், பிள்ளைகளின் கல்வி, மருத்துவம், விழாக்கள் உள்ளிட்ட பொழுதுபோக்கு, முதுமை, திருமணம் ஆகியவற்றுக்காக மேலும் 25 சதவீதத்தை உச்ச நீதிமன்றம் சேர்த்தது.

இத்தனை நேர்த்தியான இலக்கணம் இருந்தும் நடைமுறை வேறாகவே இருந்தது. 1948ஆம் ஆண்டுச் சட்டம் அட்டவணையில் இடம்பெற்ற தொழில்களுக்கு மட்டுமே பொருந்தியது. அட்டவணைக்கு வெளியே உழைத்தவருக்கு அடிமட்டமே இல்லை. அட்டவணைக்குள் இருந்தவருக்கும் மாநிலத்துக்கு மாநிலம் தொகை மாறியது. 1996இல் மத்திய அரசு தேசியத் தரைமட்டக் கூலி என்று நாளொன்றுக்கு 35 ரூபாயை அறிவித்தபோது அதற்குச் சட்ட வலிமை எதுவும் இல்லை. அனூப் சத்பதி தலைமையிலான வல்லுநர் குழு 2018 ஜூலை விலைவாசியின்படி நாளொன்றுக்கு 375 ரூபாய் பரிந்துரைத்தது. 2,400 கலோரி, 50 கிராம் புரதம், 30 கிராம் கொழுப்பு என்று உணவுத் தேவையைக் கணக்கிட்ட குழு அது. அதன் அறிக்கை வெளிவந்த 2019ஆம் ஆண்டிலேயே தேசியத் தரைமட்டம் 176 ரூபாயிலிருந்து 178 ரூபாயாக, இரண்டே ரூபாய், உயர்த்தப்பட்டது. அரசு தானே அமைத்த குழுவின் கணக்கில் பாதியைக்கூட எட்டாத தொகை அது. உணவுத் தட்டிலிருந்து கணக்கைத் தொடங்கிய ஓர் ஆய்வை இப்படி ஒதுக்கிவைத்தது நியாயப்படுத்தக் கூடியதன்று.

தொகையை உயர்த்தினால் வேலை போய்விடும் என்ற அச்சத்துக்கும் நீண்ட வரலாறு உண்டு. 1946இல் ஜார்ஜ் ஸ்டிக்லர், போட்டிச் சந்தையில் கூலியைச் செயற்கையாக உயர்த்தினால் அந்தக் கூலிக்கு ஈடாக உற்பத்தி செய்ய இயலாதவர்களே முதலில் வேலை இழப்பார்கள் என்று வாதிட்டார். பாடநூல்கள் நெடுங்காலம் இதையே ஒப்புவித்தன. 1992 ஏப்ரலில் நியூஜெர்சி மாநிலம் மணிக்கூலியை 4.25 டாலரிலிருந்து 5.05 டாலராக உயர்த்தியபோது, டேவிட் கார்டும் ஆலன் குரூகரும் அம்மாநிலத்திலும் கூலி உயராத அண்டைப் பகுதியான கிழக்குப் பென்சில்வேனியாவிலும் 410 துரித உணவகங்களைக் கணக்கெடுத்து, வேலைவாய்ப்பு குறையவில்லை என்று 1994இல் காட்டினர். நியூமார்க், வாஷர் ஆகியோர் இதை மறுத்தனர். அந்தச் சர்ச்சை இன்னும் முற்றாக ஓயவில்லை. எனினும் அதன் பின்னர் வந்த ஆய்வுகளுள் ஜெர்மனி பற்றியது தனிக் கவனத்துக்கு உரியது. 2015 ஜனவரி 1 முதல் மணிக்கு 8.50 யூரோ என்று அந்நாடு முதன்முறையாக நாடு தழுவிய அடிமட்டத்தை விதித்தபோது, வேலைவாய்ப்பு சரியவில்லை என்பதோடு, குறைந்த கூலி பெற்றவர்கள் சிறிய, திறன் குறைந்த நிறுவனங்களிலிருந்து பெரிய, நிலையான நிறுவனங்களுக்கு நகர்ந்தனர் என்பதை டஸ்ட்மனும் உடன் ஆய்வாளர்களும் 2022இல் வெளியிட்ட கட்டுரை நிறுவியது.

இதற்கான விளக்கம் ஜோன் ராபின்சன் 1933இல் வகுத்த ஒரு கருத்தில் இருக்கிறது. விற்பவர் ஒருவரே என்றால் அது ஏகபோகம். அதேபோல் உழைப்பை வாங்குபவர் ஒருவரே என்றால், உழைப்பின் விலையை அவரே தாழ்த்தி வைக்க முடியும். தோட்டத்து வரிசை வீடான லயத்தில் பிறந்து, லயத்தைவிட்டு வெளியேறினால் குடியிருக்கவும் இடமில்லாத தொழிலாளிக்கு எதிரே நிற்கும் நிர்வாகம் இத்தகைய ஒற்றை வாங்குநர்தான். அங்கே சட்டம் கூலியை உயர்த்துவது சந்தையைக் குலைப்பதாகாது. சந்தை தர மறுத்த விலையை மீட்பதாகும்.

ஆனால் கூலி உயர்ந்த பல இடங்களில் அளவையும் கூடவே உயர்ந்திருக்கிறது. இலங்கை மலையகத்தில் நாட்சம்பளத்தை 1,000 ரூபாயாக்க வேண்டும் என்று தோட்டத் தொழிலாளர்கள் பல ஆண்டுகள் போராடி, 2021 மார்ச்சில் சம்பளச் சபை வழியாக அதைப் பெற்றனர். அதுவரை பல தோட்டங்களில் ஒரு நாள் பேர் பதிவாக 16 முதல் 18 கிலோ கொழுந்து பறிக்க வேண்டியிருந்தது; அந்த எடை வராவிட்டால் அரைப்பேர்தான், அதாவது பாதி நாட்சம்பளம்தான். காலையில் ஆட்கணக்கு எடுக்கும் பிரட்டுக்களத்தில் பெயர் கொடுத்துவிட்டு மலையேறி நாள் முழுவதும் நின்று பறித்த பெண், மாலையில் தராசில் இரண்டு கிலோ குறைந்தால் பாதி நாள் உழைத்தவராகிவிடுகிறார். ஈரக் கொழுந்துக்கும் சாக்குக்கும் என்று கழிக்கப்படும் எடை வேறு. புதிய சம்பளம் வந்ததும் கிலோ அளவு கூட்டப்பட்டது என்றும், வேலை நாட்கள் குறைக்கப்பட்டன என்றும் தொழிற்சங்கங்கள் முறையிட்டன. 1,000 ரூபாய் என்ற வீதம் சட்டத்தில் இருந்தது. எத்தனை கிலோ ஒரு நாள் என்பது சட்டத்தில் இல்லை.

தஞ்சைக் களத்துமேடுகளில் நெல் அளக்கும் மரக்காலும் படியும் இதே வேலையைச் செய்தன. அறுவடைக் கூலியில் அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்டதன் பின்னணியில்தான் 1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டனர். அதையடுத்து 1969இல் தமிழ்நாடு விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. அரைப்படி என்பது பொருளாதார அட்டவணைகளில் தென்படாத அளவு. கூலியின் அளவையைக் கைவிட மறுப்பவர்கள் எவ்வளவு தூரம் போவார்கள் என்பதற்கு அதைவிடக் கொடிய சான்று தமிழ்நாட்டு வரலாற்றில் இல்லை.

கட்டுமானத் தளங்களும் தொழிற்கூடங்களும் இதற்கு விலக்கல்ல. 1982இல் புதுதில்லியில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டிகளுக்கான கட்டுமானப் பணிகளில் சட்டப்படியான நாட்கூலி 9 ரூபாய் 25 காசு. ஆள் சேர்த்த ஜமாதார்கள் ஒவ்வொருவரிடமிருந்தும் நாளொன்றுக்கு ஒரு ரூபாயைப் பிடித்துக்கொண்டனர். குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே கொடுத்து வேலை வாங்குவது அரசியலமைப்பின் 23ஆம் பிரிவு தடைசெய்யும் கட்டாய உழைப்பே என்று இது குறித்த வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. திருப்பூரின் பின்னலாடைக் கூடங்களில் நாள் என்ற சொல்லுக்குப் பதிலாக ஷிப்ட் என்ற கணக்கே புழங்குகிறது: எட்டு மணி நேரம் ஒரு ஷிப்ட், பன்னிரண்டு மணி நேரம் ஒன்றரை ஷிப்ட். கூடுதல் நேரத்துக்குச் சட்டம் சொல்லும் இரட்டைக் கூலி இந்த எளிய எண்ணிக்கையில் காணாமற்போய்விடுகிறது. தமிழ்நாட்டுத் தையல் தொழிலுக்கு 2014இல் அறிவிக்கப்பட்ட கூலி உயர்வை எதிர்த்து உற்பத்தியாளர்கள் தொடுத்த வழக்கை 2016இல் சென்னை உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. உற்பத்தியாளர் தரப்பிலும் உண்மை ஒன்று உண்டு: வெளிநாட்டு நிறுவனங்கள் ஒரு சட்டைக்கான விலையை இறுக்கிப் பிடிக்கும்போது, ஜாப்வொர்க் எடுத்துச் செய்யும் சிறு முதலாளியின் கையில் மிஞ்சுவது சொற்பம். ஆனால் அந்தச் சுமையை விலை பேசும் மேசைக்கு எடுத்துச் செல்லாமல் தையல் மெஷின் முன்னால் இருப்பவரின் நேரத்தில் கழிப்பதை அவருடைய சிரமம் நியாயமாக்கிவிடாது. அடிப்படைக் கூலியைக்கூடத் தர இயலாத நிறுவனம் தொழிலில் நீடிக்கும் உரிமை கோர முடியாது என்பதை உச்ச நீதிமன்றம் 1950களிலிருந்தே சொல்லி வந்திருக்கிறது.

தொழில் புதுமை இந்த இடத்தில்தான் விவாதத்துக்குள் நுழைகிறது. 1911இல் பிரெடரிக் டெய்லர் வெளியிட்ட அறிவியல் முறை மேலாண்மை பற்றிய நூல், தொழிலாளியின் ஒவ்வொரு அசைவையும் நொடிக் கடிகாரத்தால் அளந்து வேலையின் அளவை நிர்வாகமே வகுக்க வேண்டும் என்று போதித்தது. 1914 ஜனவரியில் ஹென்றி ஃபோர்டு நாட்கூலியை 5 டாலராக உயர்த்தி வேலை நேரத்தை ஒன்பதிலிருந்து எட்டு மணியாகக் குறைத்தபோது, அது தாராள மனத்தின் வெளிப்பாடாகப் பரவலாகப் புகழப்பட்டது. நகரும் தொடர்வரிசையின் வேகத்தைத் தாங்க முடியாமல் ஆட்கள் ஓடிக்கொண்டே இருந்ததும், 1913இல் ஆள் மாற்றம் 370 சதவீதத்தைத் தொட்டதும் அதன் உண்மைக் காரணங்கள். எப்படியானாலும் அது உயர் கூலியோடு இணைந்த புதுமை; ஒரு மணி நேர உழைப்பில் கிடைக்கும் பொருளின் அளவை அது பெருக்கியது. சுவீடனின் தொழிற்சங்கக் கூட்டமைப்பு 1951இல் முன்வைத்த ரேன்–மெய்ட்னர் திட்டம் இதையே நாட்டுக் கொள்கையாக்கியது. ஒரே வேலைக்கு எங்கும் ஒரே கூலி என்று வைத்தால், மலிவான உழைப்பை நம்பிப் பிழைக்கும் நிறுவனம் ஒன்று நவீனமாகும் அல்லது மூடப்படும். வேலை இழப்பவருக்குப் பயிற்சியும் வேறு வேலையும் தேடித் தருவது அரசின் கடமை.

எல்லாப் புதுமையும் இவ்வகையைச் சேர்ந்ததன்று. கூடுதல் பொருளை உண்டாக்கும் புதுமை ஒன்று; தொழிலின் இடர்களை முதலாளியிடமிருந்து தொழிலாளிக்கு மாற்றி அதையே லாபமாகக் காட்டும் புதுமை மற்றொன்று. செயலிவழி நிறுவனங்களில் இரண்டும் பின்னிக் கிடக்கின்றன. வாடிக்கையாளரையும் உணவகத்தையும் ஓட்டுநரையும் நொடிப்பொழுதில் இணைக்கும் மென்பொருள் மெய்யான சாதனையே. ஆனால் அதே மென்பொருள், ஆர்டர் வரும்வரை கடைவாசலில் காத்திருக்கும் நேரத்தை வேலை நேரத்திலிருந்து நீக்கிவிடுகிறது. வண்டி, பெட்ரோல், பழுது, விபத்து எல்லாம் ஓட்டுபவரின் கணக்கு. ஒரு டெலிவரிக்கு எவ்வளவு, இன்சென்டிவ் பெற எத்தனை ஆர்டர் முடிக்க வேண்டும், ரேட்டிங் குறைந்தால் ஐடியை எப்போது முடக்குவது என்பதெல்லாம் நிறுவனத்தின் கணக்கு. நிதி ஆயோக் 2022இல் வெளியிட்ட அறிக்கை, இவர்களையும் உள்ளடக்கிய கிக் தொழிலாளர் 2020–21இல் 77 லட்சம் பேர் என்றும், 2029–30இல் 2.35 கோடியாக உயர்வர் என்றும் மதிப்பிட்டது.

உலக நாடுகள் இதை எதிர்கொண்ட விதம், சண்டை தொகையைப் பற்றியதா அளவையைப் பற்றியதா என்பதைத் தெளிவாக்குகிறது. 2021 பிப்ரவரியில் பிரிட்டன் உச்ச நீதிமன்றம், ஊபர் ஓட்டுநர்கள் சட்டப்படி தொழிலாளர்களே என்றும், செயலியைத் திறந்து பயணங்களை ஏற்கத் தயாராக இருக்கும் நேரம் முழுவதும் வேலை நேரமே என்றும் தீர்ப்பளித்தது. அடுத்த மாதமே குறைந்தபட்சக் கூலி தருவதாக அறிவித்த அந்நிறுவனம், பயணத்தை ஏற்கும் கணத்திலிருந்து இறக்கிவிடும் வரையிலான நேரத்தை மட்டுமே கணக்கில் கொண்டது. கலிஃபோர்னியாவில் 2020இல் வாக்கெடுப்பின் மூலம் நிறைவேறிய 22ஆம் முன்மொழிவு, குறைந்தபட்சக் கூலியின் 120 சதவீதத்தை உறுதியளித்தது. ஆனால் பணியில் ஈடுபட்ட நேரத்துக்கு மட்டும். வீதம் தாராளமாகத் தோன்ற, அளவை அதைத் தின்றுவிட்டது. நியூயார்க் நகரம் மாறான வழியை எடுத்தது. உணவு கொண்டு செல்வோருக்கு 2023இல் மணிக்கு 17.96 டாலர் என நிர்ணயித்து, 2025 ஏப்ரலில் 21.44 டாலராக உயர்த்திய அந்நகர விதி, காத்திருக்கும் நேரத்தையும் கணக்கில் சேர்த்தது. உடனே நிறுவனங்கள் டிப்ஸ் தரும் வசதியை ஆர்டர் செய்து முடித்த பின்னரே தோன்றும்படி மாற்றின. செயலிக்குள் நுழையும் ஆட்களின் எண்ணிக்கையையும் கட்டுப்படுத்தின. காத்திருப்புக்குக் கூலி என்றானதும் காத்திருக்கவே விடாமற்செய்த இந்த மாற்றம், அளவையின் மீதான பிடியை நிறுவனங்கள் எளிதில் விட்டுவிடமாட்டா என்பதைக் காட்டுகிறது.

இந்தியாவில் நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ளன. அவற்றுள் 2019ஆம் ஆண்டின் கூலிச் சட்டத் தொகுப்பு, அட்டவணைத் தொழில் என்ற பழைய வேலியை அகற்றி எல்லாப் பணியாளருக்கும் குறைந்தபட்சக் கூலியை உரிமையாக்கியிருக்கிறது. மத்திய அரசின் தரைமட்டக் கூலிக்குச் சட்ட வலிமையும் தந்திருக்கிறது. இது பாராட்டத்தக்க முன்னேற்றம். ஆனால் கிக் தொழிலாளர் என்ற சொல்லை வரையறுக்கும் 2020ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புத் தொகுப்பு, அவர்களை முதலாளி–தொழிலாளி என்ற மரபான உறவுக்கு வெளியே உழைப்பவர்கள் என்று சொல்லி, நிறுவனங்களின் ஆண்டு வருவாயில் 1 முதல் 2 சதவீதத்தை நலநிதிக்கு ஒதுக்கச் சொல்வதோடு நின்றுவிடுகிறது. 2023இல் முதல் மாநிலமாக ராஜஸ்தான் இயற்றிய சட்டமும், 2025இல் கர்நாடகம் இயற்றிய சட்டமும், 2023 டிசம்பரில் தமிழ்நாடு அமைத்த நலவாரியமும் விபத்து உதவி, பதிவு, நிதி ஆகியவற்றில் பயனுள்ளவை. சென்னையில் இவர்களுக்கென மாநகராட்சி அமைத்த குளிரூட்டப்பட்ட ஓய்வறைகளும் வரவேற்கத்தக்கவை. ஆயினும் இவற்றுள் எதுவும் ஒரு மணி நேர உழைப்புக்கு இவ்வளவு என்று சொல்லவில்லை. காத்திருக்க அறை கிடைத்திருக்கிறது. காத்திருப்புக்குக் கூலி கிடைக்கவில்லை.

இதற்குப் புதிய தத்துவம் எதுவும் தேவையில்லை. கூலிச் சட்டத் தொகுப்பின் 10ஆம் பிரிவு, முதலாளி வேலை தராததால் ஒருவர் முழு நாளும் வேலை செய்ய இயலாமற்போனால் அவருக்கு முழு நாட்கூலி உரியது என்கிறது. 12ஆம் பிரிவு, துண்டுக் கணக்கில் வேலை செய்பவருக்குக் காலக் கணக்கிலான குறைந்தபட்சக் கூலி நிர்ணயிக்கப்பட்டிருந்தால் அதற்குக் குறையாமல் தர வேண்டும் என்கிறது. இவ்விரு விதிகளும் 1948ஆம் ஆண்டுச் சட்டத்தில் 15, 17 என்ற எண்களில் ஏற்கெனவே இருந்தவை. செயலியைத் திறந்து நிற்கும் நேரத்தை வேலை நேரமாகவும், ஆர்டருக்கு இவ்வளவு என்பதைத் துண்டு வேலையாகவும் ஏற்றுக்கொண்டால் போதும். கூலியின் அடிமட்டம் செயலிவழித் தொழிலாளருக்கும் பொருந்திவிடும். யார் எந்த நிமிடத்தில் எங்கே நின்றார் என்பது தோட்டத்துக் கணக்கப்பிள்ளையின் ஏட்டைவிடத் துல்லியமாக நிறுவனத்தின் கணினியில் பதிவாகியிருப்பதால், அளக்க முடியாது என்ற சாக்குக்கும் இடமில்லை. நலவாரியத்தை அமைத்துவிட்ட தமிழ்நாடு அரசு அடுத்ததாகச் செய்ய வேண்டியது, அந்தப் பதிவுகளைத் தொழிலாளர் துறைக்கு ஒப்படைக்கச் செய்து, காத்திருப்பு உட்பட மணிக்கணக்கிலான குறைந்தபட்சக் கூலியை இத்தொழிலாளருக்கும் சட்டமாக்குவதே.